வானத்தில் ஒலி இல்லை

தமிழில் இந்த நூறு வருஷத்துக்குள் செய்த புதுச் சொற்களில், ஜனங்கள் மறுபேச்சில்லாமல் வாயில் போட்டுக்கொண்டவை மிகவும் கொஞ்சம். 'வானொலி' அவற்றில் ஒன்று. மூன்றே எழுத்து. சொன்னதும் காதில் நிற்கிறது. பண்டிதர்கள் செய்த சொல் என்ற நினைப்பே வருவதில்லை. சொல்லாக்கம் என்ற வகையில் இதற்கு நூற்றுக்கு நூறு மார்க் போடலாம்.

பொருளுக்கு எவ்வளவு போடலாம் என்பதுதான் என் கேள்வி.

இந்தச் சொல்லைப் பற்றி நாம் போட்ட சண்டை வேறு. 1935-ல் மைசூரில் பேராசிரியர் எம்.வி. கோபாலசுவாமி தம்முடைய ஒலிபரப்பு நிலையத்துக்கு 'ஆகாசவாணி' என்று பெயர் வைத்தார். 1950-களில் அகில இந்திய ரேடியோ அந்தப் பெயரை எடுத்துக்கொண்டது. தமிழ்நாட்டில் எதிர்ப்புக் கிளம்பிற்று. 2023-ல் டில்லி மறுபடியும் 'ஆகாசவாணி'தான் என்றது, மறுபடியும் எதிர்ப்பு. இரண்டு தரப்பாரும் தமிழா சமஸ்கிருதமா என்று வாதாடினார்களே ஒழிய, இரண்டு சொற்களும் ஒரே கதையைத்தான் சொல்கின்றன என்பதைக் கவனித்ததாகத் தெரியவில்லை. ஒன்று வானத்தில் ஒலி என்கிறது. மற்றது ஆகாயத்தில் வாக்கு என்கிறது. கதை ஒன்று, பாஷைதான் இரண்டு.

அந்தக் கதை பழையது. ஐம்பூதங்களில் ஆகாயத்தின் குணம் சப்தம் என்பது நம் தத்துவ நூல்களின் கணக்கு. புராணத்தில் அசரீரி ஆகாயத்திலிருந்துதான் பேசும். ஆகவே ஆளில்லாத பெட்டி பேசியதும், நம்மவர்களுக்குக் கைக்கெட்டிய விளக்கம் அதுவாகவே இருந்தது. கவிஞன் செய்திருந்தால் கைதட்டலாம். ஆனால் ரேடியோவில் வருவது ஒலி அல்ல. வானத்திலும் ஒலி கிடையாது. காற்று முடிகிற இடத்தில் ஒலியும் முடிந்துவிடுகிறது.

எங்கள் விழுப்புரத்தை வைத்தே இதைச் சொல்லிவிடலாம். சென்னை நிலையம் 1938 ஜூன் 16-ல் தொடங்கியது. திருச்சி நிலையம் அடுத்த வருஷம் மே 16-ல். விழுப்புரம் இரண்டுக்கும் ஏறத்தாழ நடுவில், ஒவ்வொன்றுக்கும் சுமார் 160 கிலோமீட்டர் தூரத்தில் இருக்கிறது. ஒலி நொடிக்கு 340 மீட்டர் போகும். சென்னையில் ஒருவர் பேசியது ஒலியாகவே இங்கே வந்து சேருவதாக இருந்தால் எட்டு நிமிஷம் ஆகும். கடிகாரத்தைச் சரிசெய்ய ரேடியோவின் மணியை நம்பியவர்கள் பாடு என்ன ஆகியிருக்கும்! உண்மையில் அது வந்து சேர ஒரு நொடியில் இரண்டாயிரத்தில் ஒரு பங்குதான் ஆகிறது. ஏனென்றால் வருவது நொடிக்கு மூன்று லட்சம் கிலோமீட்டர் ஓடுகிற சரக்கு. அந்த வேகத்தில் ஓடுவது வெளிச்சம்.

இதற்குப் பரிசோதனைச் சாலை வேண்டாம். ஐப்பசி மழையில் பழைய மத்திய அலைப் பெட்டி ஒன்றைத் திருப்பி வைத்துக்கொண்டு உட்கார்ந்தால் போதும். மூன்று கிலோமீட்டர் தள்ளி மின்னினால் இடி காதுக்கு வர ஒன்பது நொடி பிடிக்கும். பெட்டியோ மின்னலோடு கூடவே 'கர்ரக்' என்கிறது. மின்னல் கண்ணுக்கு அனுப்பியதும் பெட்டிக்கு அனுப்பியதும் ஒரே குடும்பத்துச் சரக்கு. சேர்ந்து புறப்பட்டு, சேர்ந்தே வந்துவிட்டன. ஒலிதான் பின்னால் நடந்து வருகிறது.

ஆக, ரேடியோ அலை என்பது கண்ணுக்குத் தெரியாத ஒளி. 1860-களில் மாக்ஸ்வெல் இதைக் கணக்கில் கண்டார். 1880-களின் கடைசியில் ஹெர்ட்ஸ் அந்த அலையை உண்டாக்கியே காட்டினார். 1890-களின் நடுவில் கல்கத்தாவில் ஜகதீச சந்திர போஸ், சில மில்லிமீட்டர் நீளமே உள்ள அலைகளை உண்டாக்கி, ஒளியைப் போலவே அவை எதிரொளிப்பதையும் வளைவதையும் காட்டினார். குரல் பிற்பாடு ஏறிய பிரயாணி. மைக்கின் முன் பேசுகிற பேச்சு மின்சாரத் துடிப்பாக மாறி அலையின் மேல் ஏறிக்கொள்கிறது. நம் வீட்டுப் பெட்டி அதை இறக்கி மறுபடியும் பேச்சாக்குகிறது. வழி நெடுக ஒலி என்பதே இல்லை.

இதற்குப் பொருத்தமாக நம்மிடம் வேறொரு சொல் இருக்கிறது: 'நிறமாலை'. வானவில்லுக்கு ஏற்பட்ட சொல்லை, கண்ணுக்குத் தெரியாத அலைகள் எல்லாவற்றுக்கும் சேர்த்து 'மின்காந்த நிறமாலை' என்று நீட்டியவர் யாரோ, அவர் விஷயம் தெரிந்தவர். எழும்பூரிலிருந்து தெற்கே வரும் தண்டவாளத்தில் செங்கல்பட்டு, மதுராந்தகம், திண்டிவனம், விழுப்புரம் என்று பலகைகள்தான் மாறுகின்றன, தண்டவாளம் ஒன்றே. அது போல, சென்னை நிலையத்தின் 720 கிலோஹெர்ட்ஸ் மத்திய அலை 416 மீட்டர் நீளம். எஃப்.எம். அலை மூன்று மீட்டர். பச்சை ஒளி ஒரு மில்லிமீட்டரில் சுமார் இரண்டாயிரத்தில் ஒரு பங்கு. எக்ஸ்-ரே அதிலும் பன்மடங்கு சிறியது. அளவு மாறுகிறது, ஜாதி மாறவில்லை.

தமிழில் விஞ்ஞானம் எழுதியவர்களை நான் குறைவாக மதிப்பவன் அல்ல. பெ.நா. அப்புஸ்வாமி வாழ்நாள் முழுவதும் அந்த வேலையைச் செய்தார். 1954 முதல் 1968 வரை பத்துத் தொகுதிகளாகக் கலைக்களஞ்சியம் வந்தது. ஆனால் சிறு புத்தகங்களிலும் பாடங்களிலும் ரேடியோ என்றதும் குளத்தில் ஒரு கல்லைப் போட்டுவிடுகிறார்கள். குளத்து அலைக்குத் தண்ணீர் வேண்டும். ஒலிக்குக் காற்று வேண்டும். இதற்கு எதுவும் வேண்டாம். உவமை எங்கே பொருந்தவில்லையோ அங்கேதான் விஷயமே இருக்கிறது. அந்த இடத்தில் பாடம் முடிந்து கேள்விகள் தொடங்கிவிடுகின்றன.

பெயர்களும் உதவி செய்வதில்லை. இலங்கை வானொலியைச் 'சிற்றலை'யிலும் கேட்ட தலைமுறை உண்டு. அந்தச் சிற்றலை பத்து மீட்டரிலிருந்து நூறு மீட்டர் வரை நீளம். அதைவிடச் சின்னதான மூன்று மீட்டர் அலைக்கு நாம் வைத்த பெயர் 'பண்பலை'. பண்பேற்றம் மத்திய அலைக்கும் உண்டு என்பதை அந்தப் பெயர் மறைத்துவிடுகிறது. சென்னையிலிருந்து பஸ்ஸில் வருகிறவர் காதில் எஃப்.எம். பாட்டு செங்கல்பட்டைத் தாண்டியதும் தேய ஆரம்பித்து, திண்டிவனம் வருவதற்குள் பெரும்பாலும் இரைச்சலாகிவிடுகிறது. மத்திய அலை மட்டும் விழுப்புரம் வரையில் எப்படி எட்டியது? நீண்ட அலை பூமியின் வளைவை ஒட்டித் தவழ்ந்து வரும். குட்டை அலை வெளிச்சத்தைப் போல நேராகப் போகும்; கோபுரத்தின் பார்வை எட்டுகிற மட்டும்தான் அதன் ராஜ்யம். சிற்றலையோ மேல் ஆகாயத்தின் மின்னூட்டப் படலத்தில் பட்டுத் திரும்பிக் கடல் தாண்டி இறங்கும். ஒளி என்று வைத்துக்கொண்டால் இவ்வளவும் விளங்குகிறது. ஒலி என்றால் ஒன்றும் விளங்காது.

இதெல்லாம் வெறும் சொல் விசாரம் என்று தள்ளிவிடலாம். ஆனால் சொல் தெருவுக்கு வந்துவிடுகிறது. திண்டிவனத்தில் ஒரு தெருக்காரர்கள், பக்கத்து மாடியில் செல்போன் கோபுரம் வைக்கக் கூடாது என்று மனு எழுதி, எழுத்தாளன் என்பதால் என்னிடம் திருத்தக் கொடுத்தார்கள். பக்கத்துக்குப் பக்கம் 'கதிர்வீச்சு'. அணுகுண்டுக்கும் எக்ஸ்-ரேக்கும் வழங்குகிற அதே சொல். சூரிய வெளிச்சமும் கதிர்வீச்சுதான் என்றேன், நம்பவில்லை. ஒளி தன் சக்தியைப் பொட்டலம் பொட்டலமாகத்தான் கொடுக்கும். 900 மெகாஹெர்ட்ஸ் கோபுர அலையின் ஒரு பொட்டலத்தைவிட, விளக்கு வெளிச்சத்தின் ஒரு பொட்டலம் ஏறக்குறைய ஐந்து லட்சம் மடங்கு பெரிது. எக்ஸ்-ரே அணுவிலிருந்து எலெக்ட்ரானைப் பிடுங்கும். கோபுர அலைக்கு அந்தத் திராணி இல்லை. அளவு மீறினால் சூடு உண்டாகும், அதற்காகத்தான் வரம்பு. பன்னாட்டு வரம்பில் பத்தில் ஒரு பங்காக இந்தியா 2012-ல் அதைக் குறைத்தது. சர்வதேசப் புற்றுநோய் ஆய்வு நிறுவனம் 2011-ல் ரேடியோ அலைகளை 'ஒருவேளை இருக்கலாம்' என்ற பட்டியலில் வைத்ததும் உண்மை. ஆகவே அளந்து காட்டு என்று கேட்பது நியாயம். அந்த மனுவில் அப்படிக் கேட்கவில்லை. பழைய கட்டடம் இத்தனை இரும்பைத் தாங்குமா என்ற நல்ல கேள்வி கடைசியில் ஒரு வரியில் ஒடுங்கிக் கிடந்தது. பெரிய சொல் ஒன்று முன்னால் வந்து நின்றதால், கேட்க வேண்டிய கேள்விக்கு இடமில்லாமல் போய்விட்டது.

'வானொலி'யை எடுத்துவிட வேண்டுமா? ஒரு நண்பர் கேட்டார்: "திண்டிவனம் என்றால் புளியங்காடு. பஸ்ஸை விட்டு இறங்குகிறவன் காட்டையா தேடுகிறான்? பெயர் பெயராக இருந்துவிட்டுப் போகட்டுமே ஐயா!" நல்ல வாதம். பாதி வழிக்கு நானும் அவரோடு வருவேன். திண்டிவனத்தில் இறங்கியதும் கடைத்தெரு கண்ணுக்குத் தெரிகிறது. பெயரின் பொய்யை ஊரே திருத்திவிடுகிறது. ரேடியோ அலை யார் கண்ணுக்கும் தெரிவதில்லை. அங்கே பெயரைத் திருத்த எழுதுகிறவனைத் தவிர வேறு ஆள் கிடையாது.

சொல் இருக்கட்டும், அழகான சொல். ஆனால் அடுத்து குழந்தைகளுக்கு ரேடியோவைப் பற்றி எழுதப் போகிறவர், குளத்தையும் கல்லையும் விட்டுவிட்டு, மின்னலிலிருந்து ஆரம்பிக்கட்டும். இடி வருவதற்கு முன் பெட்டி ஏன் கரகரத்தது என்று ஒரு குழந்தை கேட்டுவிட்டால், அவர் வேலையில் பாதி முடிந்தது.