சம்பளச் சீட்டு இல்லாத சாவுகள்

சாலை விபத்தில் இறந்தவர் குடும்பத்துக்கான இழப்பீட்டுக் கணக்கு சீராகிவிட்டது, இனி அதில் கைவைக்க எதுவுமில்லை என்ற வாதம் சட்ட வட்டாரத்தில் வலுவாகக் கேட்கிறது. 2009-இல் உச்ச நீதிமன்றம், ஆண்டு இழப்பைப் பெருக்க வேண்டிய வயதுக்கேற்ற எண்ணான மல்டிபிளையரின் பட்டியலைத் தந்தது. 2017-இல் ஐந்து நீதிபதிகள் அமர்வு, எதிர்கால வருமான உயர்வுக்கான விகிதங்களை வரையறுத்தது. வருமானம், வயது, சார்ந்திருப்போர் எண்ணிக்கை மூன்றும் தெரிந்தால் எந்த ஜூனியர் வக்கீலும் தொகையைச் சொல்லிவிடலாம்.

இதனால் விளைந்த நன்மை சிறிதல்ல. ஒரு தீர்ப்பாயம் அள்ளிக் கொடுப்பதும் இன்னொன்று கிள்ளிக் கொடுப்பதும் குறைந்தன. பெற்றோருக்கும் பிள்ளைகளுக்கும்கூட உறவிழப்புத் தொகை உண்டு என்பது 2018-இல் உறுதியானது.

ஆனால் அந்தக் கணக்கின் முதல் எண்ணே கோணல்.

இருவரை எடுத்துக்கொள்வோம். இருவருக்கும் வயது 30. மனைவி, ஒரு குழந்தை. ஒருவர் மென்பொருள் நிறுவனத்தில் நிரந்தர ஊழியர்; வரி போக மாதம் 1 லட்சம் ரூபாய். எதிர்கால உயர்வுக்கு 50 சதவீதம் கூட்டி, சொந்தச் செலவுக்கு மூன்றில் ஒரு பங்கைக் கழித்து, 12 மாதங்களாலும் 17 என்ற மல்டிபிளையராலும் பெருக்கினால் 2 கோடியே 4 லட்சம். மற்றவர் கொத்தனார். தீர்ப்பாயம் அவர் வருமானத்தை 10,000 என்று வைத்தால், நிரந்தர வேலை இல்லாததால் கூடுவது 40 சதவீதம்தான். வருவது 19 லட்சத்து 4 ஆயிரம். இருவரையும் ஒரே லாரி மோதியிருந்தாலும் இதுதான் கணக்கு.

குடும்பம் இழந்த வருமானத்தை ஈடுசெய்கிறோம், உயிருக்கு விலை வைக்கவில்லை என்பது இதற்குச் சொல்லப்படும் சமாதானம். அப்படியானால் இழந்த வருமானத்தையாவது முழுதாகத் தர வேண்டாமா? சனிக்கிழமை மாலை மேஸ்திரி எண்ணிக் கொடுக்கும் வாரக்கூலிக்கு ரசீது கிடையாது. படிவம் 16 கிடையாது, வங்கிக் கணக்கில் தடயமும் கிடையாது. குறுக்கு விசாரணையில் காப்பீட்டு நிறுவனத்தின் வக்கீல் கேட்பது ஒரே கேள்வி: வருமானத்துக்கு ஆவணம் உண்டா? கூண்டில் நிற்கும் மனைவி இல்லை என்கிறார். அந்த ஒரு சொல்லில் கணவரின் உழைப்பு முழுவதும் 'நோஷனல் இன்கம்' என்ற உத்தேசத் தொகையாகச் சுருங்கிவிடுகிறது. 2004-இல் விபத்தில் காயமடைந்த ஒரு கூலித் தொழிலாளி மாதம் 4,500 ரூபாய், அதாவது நாளுக்கு 150 ரூபாய், சம்பாதித்திருப்பார் என்பதை ஏற்கச் செய்ய 2011-இல் உச்ச நீதிமன்றமே சொல்ல வேண்டியிருந்தது. கீழே அதை 3,000 என்று குறைத்து வைத்திருந்தார்கள்.

வீட்டுப் பெண்களின் நிலை இன்னும் மோசம். 1994-இல் மோட்டார் வாகனச் சட்டத்தில் சேர்ந்த இரண்டாம் அட்டவணை, வருமானம் இல்லாதவருக்கு ஆண்டுக்கு 15,000 ரூபாய் என்றது. மனைவி என்றால் கணவர் வருமானத்தில் மூன்றில் ஒரு பங்கு. விலைவாசி எத்தனையோ மடங்கு ஏறியும் அந்த 15,000 இருபது ஆண்டுகளுக்கு மேல் அசையவில்லை. இல்லத்தரசியின் உழைப்புக்கு உரிய மதிப்பு வேண்டும் என்று 2009-இலேயே சென்னை உயர் நீதிமன்றத்தில் நீதிபதி பிரபா ஸ்ரீதேவன் விரிவாக எழுதினார். ஊதியமில்லா வீட்டு வேலைக்குப் பெண்கள் நாளுக்கு 299 நிமிடமும் ஆண்கள் 97 நிமிடமும் செலவிடுவதை 2021-இல் உச்ச நீதிமன்றமும் சுட்டிக்காட்டியது. இத்தனைக்குப் பிறகும் அந்த உழைப்புக்கு எவ்வளவு என்பது வழக்குக்கு வழக்கு மாறுகிறது.

எல்லோரையும் சமமாக நடத்தும் இடமும் இந்தக் கணக்கில் உண்டு. உறவிழப்புக்கு 2017-இல் வைத்த தொகை 40,000 ரூபாய்; மூன்றாண்டுக்கு ஒருமுறை 10 சதவீதம் உயரும். சமத்துவத்துக்கு இவ்வளவுதான் ஒதுக்கீடு. இந்தக் கணக்குக்கு வெளியே, ரயில் விபத்தில் இறக்கும் பயணிக்கு, அவர் யாராக இருந்தாலும், 2017 முதல் 8 லட்சம். சாலையில் தவறு யாருடையது என்று பாராமல் தரும் தொகை 5 லட்சம். மோதிய வண்டி எதுவென்றே தெரியாவிட்டால் 2 லட்சம்.

2022-இல் இந்தியச் சாலைகளில் இறந்தவர்கள் 1,68,491 பேர். அவர்களில் 44.5 சதவீதம் இருசக்கர வாகனத்தில் சென்றவர்கள். ஐந்தில் ஒருவர் நடந்து சென்றவர். இவர்களில் எத்தனை பேரின் சட்டைப்பையில் சம்பளச் சீட்டு இருந்திருக்கும்?

மாநில அரசு அறிவிக்கும் குறைந்தபட்சக் கூலியைத் தொழில்வாரியாக அடித்தளமாக்கி, எந்தத் தீர்ப்பாயமும் அதற்குக் கீழே இறங்க முடியாது என்று சட்டமே சொல்ல வேண்டும். இல்லத்தரசிக்குத் திறன்பெற்ற தொழிலாளியின் கூலி வேண்டும். வருமானம் அதைவிடக் குறைவு என்றால், அதை நிரூபிக்கும் சுமையைப் பிரீமியம் வாங்கிய நிறுவனம் சுமக்கட்டும். மோட்டார் வாகனச் சட்டத்தில் ஒரு பிரிவைச் சேர்த்தால் இது நடக்கும். நாடாளுமன்றம் இனியும் அதைத் தள்ளிப்போடக் கூடாது.