நேமத்துப் படமரபு: பி. சுப்பிரமணியமும் மெரிலாண்டும்

நாகர்கோவிலில் 1910ஆம் ஆண்டு பிறந்த பி. சுப்பிரமணியம் திருவனந்தபுரத்தில் கொட்டகை நடத்தியவர். அந்நகரின் மேயராகவும் இருந்தவர். நெய்யாற்றின்கரை செல்லும் சாலையிலுள்ள நேமத்தில் 1951இல் மெரிலாண்ட் ஸ்டுடியோவை நிறுவினார். நீலா புரொடக்‌ஷன்ஸ் என்ற பெயரில் படங்கள் வெளிவந்தன. அதுவரை மலையாளப் படத்துக்குத் தமிழகமே பெரும்பாலும் புகலிடம். முதல் மலையாளப் பேசும்படமான ‘பாலன்’ (1938) சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் டி.ஆர். சுந்தரம் எடுத்தது.

கேரளத்துக்குள் சுப்பிரமணியத்துக்குப் போட்டி ஆலப்புழையில் 1947இல் தொடங்கிய குஞ்சாக்கோவின் உதயா. ‘உண்ணியார்ச்ச’ (1961) முதல் வடக்கன் பாட்டு வீரகதைகளை உதயா தன் சொத்தாக்கிக்கொண்டது. நேமத்தின் பலம் புராணமும் பக்தியும் குடும்பக் கண்ணீரும். மூன்றாவது வழி ஸ்டுடியோவுக்கு வெளியே பிறந்தது. எழுத்தாளர்களின் துணையோடு ‘நீலக்குயில்’ (1954), பின்னர் ‘செம்மீன்’ (1965) என்று அது வளர்ந்தது. விமர்சகர்கள் இந்த மூன்றாவதையே உரைகல்லாகக் கொண்டதால் சுப்பிரமணியத்தின் மதிப்பு குறைத்தே எடைபோடப்பட்டது.

அது முழு நியாயமன்று. முட்டத்து வர்க்கியின் நாவலைத் தழுவிய ‘பாடாத்த பைங்கிளி’ (1957) குடியரசுத் தலைவரின் வெள்ளிப் பதக்கம் பெற்றது. மறு ஆண்டே குட்டநாட்டு வயல் தொழிலாளர் வாழ்வைச் சொல்லும் தகழியின் ‘ரண்டிடங்ஙழி’ நாவலைப் படமாக்கினார். அரண்மனை செட்டுக்குப் பழகிய ஒருவர் சேற்று வயலுக்கு இறங்கியது சிறிய துணிவன்று. இவற்றுக்குப் பின் யானையும் காடுமாக ‘ஆன வளர்த்திய வானம்பாடி’ வந்தது. அது தமிழிலும் ‘யானை வளர்த்த வானம்பாடி’யாக ஓடியது. ‘ஸ்நாபக யோஹன்னான்’ (1963) விவிலியக் கதை. எந்தக் கதையையும் டிக்கெட் வாங்குகிறவனின் கண்ணால் பார்த்தவர் அவர். அவருடைய பன்முகத்துக்கு வேர் கொட்டகைதான். ஒரே பாணியில் ஊன்றி ஆழமாகப் போகாததற்கும் அதுவே காரணம்.

மெரிலாண்டின் குரல் பெரும்பாலும் தென்திருவிதாங்கூரின் குரல். பாட்டெழுதிய திருநயினார்குறிச்சி மாதவன் நாயர், பாடிய கமுகற புருஷோத்தமன், நடித்த திக்குறிச்சி சுகுமாரன் நாயர் மூவரும் இன்றைய கன்னியாகுமரி மாவட்டத்தவர். 1956 நவம்பர் 1இல் கல்குளம், விளவங்கோடு உள்ளிட்ட நான்கு வட்டங்கள் சென்னை மாநிலத்தோடு சேர, பாறசாலையும் பொழியூரும் எல்லை ஊர்களாயின. நேமத்துக்கான ஆள்வரத்து அதனால் நிற்கவில்லை. இந்தி மெட்டுகளைத் தழுவுவது சகஜமாயிருந்த காலத்தில், பிரதர் லக்ஷ்மணன் இசையமைத்த ‘ஹரிச்சந்திரா’வின் (1955) ‘ஆத்மவித்யாலயமே’ பாட்டு தனித்து நின்றது. கதையும் காட்சியும் மறந்துபோனவர்கள்கூட அந்தப் பாட்டை மறக்கவில்லை. சத்யன் என்ற நடிகரை மக்கள் முதலில் திரையில் கண்டதும் நேமத்துப் படமான ‘ஆத்மசகி’யில்தான் (1952).

கேரள மாநில அரசு விருது தொடங்கிய ஆண்டில் சிறந்த படமாகத் தேர்வானது சுப்பிரமணியத்தின் ‘குமாரசம்பவம்’ (1969). குழந்தை ஸ்ரீதேவி அதில் முருகனாக வந்தார். கலைப்பட அளவுகோலில் இது விவாதத்துக்குரிய தேர்வு. பக்திப்பட மரபுக்குள் வைத்துப் பார்த்தால் தகுதியானதே. ‘சுவாமி ஐயப்பன்’ (1975) பெருவெற்றி கண்டது. அதன் வருவாயில் பம்பையிலிருந்து சன்னிதானம் செல்லும் சுவாமி ஐயப்பன் பாதை போடப்பட்டது. குஞ்சாக்கோ 1976இலும் சுப்பிரமணியம் 1978இலும் மறைந்தனர். மெரிலாண்ட் பெயரை அவருடைய பேரன் ‘ஹிருதயம்’ (2022) வழியாக மீண்டும் திரைக்குக் கொண்டுவந்தார்.