அத்தோவை ரசித்துச் சாப்பிடுவது எப்படி?

சென்னைத் தரமணியில் பறக்கும் ரயில் ஏறி, கடைசி நிலையமான கடற்கரையில் இறங்குங்கள். பொழுது சாயும் நேரம் பர்மா பஜாரை ஒட்டிய தெருக்களில், அத்தோ என்ற பர்மா நூடுல்ஸ் விற்கும் வண்டிகளைப் பார்க்கலாம். இன்னொரு நூடுல்ஸ் கடைதானே என்று தட்டை நீட்டினால் பாதி ருசி போய்விடும். பர்மாவிலிருந்து வந்த தமிழ்க் குடும்பங்களின் வீட்டுச் சமையல் இது.

1962-இல் ராணுவத் தளபதி நெ வின் பர்மாவில் ஆட்சியைப் பிடித்தார். 1964-இல் கடைகண்ணிகள் அரசுடைமையாயின. தலைமுறைகளாக அங்கே வாழ்ந்தவர்கள் கப்பலேறி மெட்ராஸ் வந்து, வியாசர்பாடி போன்ற இடங்களில் குடியேறினார்கள். சொத்தை விட்டு வந்தவர்களிடம் கைப்பக்குவம் மிச்சமிருந்தது. பலருக்கு அதுவே பிழைப்பானது.

முதலில், கலக்கும் கையைக் கவனியுங்கள். நூடுல்ஸ், சீவிய கோஸ், வெங்காயம், பொரித்த வெங்காயம், பூண்டெண்ணெய், புளித்தண்ணீர், மிளகாய்த்தூள், நொறுக்கிய பேஜோ (மொறுமொறுப்பான பொரிப்பு) என ஒவ்வொன்றாகச் சேர்த்துக் கையாலேயே பிசைவார்கள். வாணலியில் புரட்டும் வேலை கிடையாது. பேஜோ ஊறினால் மொறுமொறுப்பு போய்விடும். அதனால் பார்சல் வேண்டாம், நின்றபடியே சாப்பிடுங்கள்.

மென்று சாப்பிட்டால் புளிப்பு முன்னால் வரும், பூண்டு வாசம் பின்னால் வரும், காரம் கடைசியில் ஏறும். தக்காளி சாஸ் கேட்காதீர்கள், மூன்றையும் அது மூடிவிடும். புளிப்பு போதவில்லையென்றால் இன்னும் கொஞ்சம் புளித்தண்ணீர் கேளுங்கள்.

இடையிடையே வாழைத்தண்டு சூப்பை உறிஞ்சுங்கள். பர்மாக்காரர்களின் காலை உணவான மொய்ங்காவில் மீன் குழம்போடு வாழைத்தண்டும் சேரும். இங்கே மீன் இல்லாத மொய்ங்காவும் உண்டு, அதுவும் சாயங்காலத்தில். நம் வீட்டில் பொரியலாகும் அதே தண்டுதான் இரண்டு ஊர்ச் சமையலுக்கும் பொது.

முட்டையை மறக்காதீர்கள். வேகவைத்த முட்டையைக் கீறி, பொரித்த வெங்காயத்தைத் திணித்து, பூண்டெண்ணெயும் புளித்தண்ணீரும் விட்டுத் தருவார்கள். கடித்தால் சட்டையில் வழியும். முழுதாக வாயில் போட்டுக்கொள்வதே முறை.

அசல் பர்மா ருசியா என்று அளக்க வேண்டாம். அங்கிருந்து வந்ததும் இங்கே சேர்ந்ததும் கலந்ததுதான் இதன் அசல். கூட்டம் குறைந்ததும், “உங்க வீட்டுல மொய்ங்கா எப்படிண்ணே செய்வாங்க?” என்று கடைக்காரரிடம் கேட்டுப் பாருங்கள். ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு பக்குவம் இருக்கிறது.