கோப்பிக்கு ஐந்து நிமிடம்

பலஸ்தீனக் கவிஞர் மஹ்மூத் தர்வீஷின் உரைநடை நூல் ஒன்றில் ஒரு மனிதன் விடியற்காலையில் கோப்பி போட ஆசைப்படுகிறான். நாள் 1982 ஆகஸ்ட் 6. பெய்ரூத் முற்றுகைக்குள் கிடக்கிறது. குசினியின் கண்ணாடிப் பக்கம் கடலைப் பார்த்திருக்கிறது, கடலில் போர்க்கப்பல்கள். படுக்கையறையிலிருந்து குசினிக்குப் போகும் நடை சில அடிகள்தான், ஆனால் அந்தச் சில அடிகளுக்குள் உயிர் போகலாம். ஒரு ஷெல்லுக்கும் அடுத்த ஷெல்லுக்கும் நடுவில் அவனுக்கு ஐந்து நிமிட இடைவேளை வேண்டும். நாட்டுக்காக அல்ல, கோப்பிக்காக.

வேறொருவர் என்றால் இந்த இடத்தில் குண்டை எழுதியிருப்பார். தர்வீஷ் கரண்டியை எழுதுகிறார். தண்ணீர் எந்தப் பக்குவத்துக்கு வரவேண்டும், தூளை ஒரேயடியாகக் கொட்டாமல் கரண்டி கரண்டியாக ஏன் போடவேண்டும், எந்தப் பக்கமாகக் கிண்டவேண்டும், ஒரு கரண்டிக்கும் மறு கரண்டிக்கும் இடையில் பாத்திரத்தை நெருப்பிலிருந்து தூக்கித் திரும்ப வைக்கும் அந்தச் சின்ன ஆட்டம் என்ன என்று பக்கம் பக்கமாகச் சொல்லிக்கொண்டே போகிறார். கோப்பியை அவரவர் தன் கையால் போடவேண்டும் என்பதில் அவருக்கு ஒரு பிடிவாதம் உண்டு. செய்முறை நீள நீள, வெளியே நிற்கும் கப்பல்கள் சிறுத்துப்போகின்றன. ஷெல் விழுமோ என்ற பயம் எப்போதோ போய், பாத்திரம் பொங்கி வழிந்துவிடுமோ என்றுதான் வாசகனுக்குப் பதற்றம் வருகிறது. போரை இப்படித் தோற்கடித்த வேறொரு பந்தியை நான் படித்ததில்லை.

யாழ்ப்பாணத்துக் கொழும்புத்துறையில் இருந்துகொண்டு இதைப் படிப்பவருக்கு விளக்கவுரை வேண்டாம். இதுவும் கடலைப் பார்த்திருக்கும் ஊர்தான். இறங்குதுறையில் நின்றால் எதிர்க்கரை பூநகரி. கடலுக்கு அந்தப் பக்கமிருந்து ஷெல் வந்த காலத்தில், புறப்படும் சத்தத்துக்கும் விழும் சத்தத்துக்கும் இடையில் எத்தனை எண்ணலாம் என்று சின்னப் பிள்ளைகளுக்கே தெரியும். தொண்ணூறுகளின் பொருளாதாரத் தடையில் மண்ணெண்ணெய் கண்ணில் காணாத பொருள். ஜாம் போத்தலுக்குள் கொஞ்சம் எண்ணெய் விட்டுத் திரி போட்டு ஏற்றிய விளக்கில் படித்துச் சோதனை எழுதிய தலைமுறை ஒன்று இங்கே இருக்கிறது. பங்கருக்குள் இறங்கப் போன ஆச்சி, "ஐயோ, கேத்தில் அடுப்பில" என்று திரும்பி ஓடிய கதை இல்லாத வீடும் குறைவு. கோப்பிக்குப் பதில் தேத்தண்ணி, வேறுபாடு அவ்வளவுதான்.

ஆனால் தர்வீஷ் எங்களிடம் முதலில் வந்தது இந்தக் குசினிப் பக்கங்களோடு அல்ல. எம்.ஏ. நுஃமானின் 'பலஸ்தீனக் கவிதைகள்' தொகுப்பு வந்தது 1981இல். கல்முனையில் பிறந்து, அந்தக் காலத்தில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் மொழியியல் கற்பித்துக்கொண்டிருந்தவர் அவர். யாழ்ப்பாண நூலகம் எரிந்ததும் அதே ஆண்டில்தான். அதைப் பற்றி அவர் எழுதிய 'புத்தரின் படுகொலை' ஈழத்தில் தெரியாதவர் இல்லை. 1985இல் 'மரணத்துள் வாழ்வோம்' தொகுப்பு வெளிவந்தபோது பலஸ்தீனம் எங்கள் இளங்கவிஞர்களுக்குப் பழகிய பெயராகிவிட்டிருந்தது. தர்வீஷ் என்றால் எதிர்ப்பு, எதிர்ப்பு என்றால் உரத்த குரல் என்று ஒரு வழக்கம் ஊன்றிவிட்டது. எங்களை மட்டும் குறை சொல்ல முடியாது. 'எதிர்ப்பு இலக்கியம்' என்ற பெயரிலேயே தர்வீஷ் போன்றவர்களை 1966இல் அரபுலகத்துக்கு அறிமுகப்படுத்தியவர் பலஸ்தீன நாவலாசிரியர் கஸ்ஸான் கனஃபானி. 1972இல் பெய்ரூத்தில் காருக்கு வைத்த குண்டில் அவர் கொல்லப்பட்டார். கூட இருந்த சகோதரி மகளும் போனாள்.

உரத்த குரல் என்று பெயர்பெற்ற 'அடையாள அட்டை'யையே எடுத்துக்கொள்வோம். 1964இல் வந்த தொகுப்பில் உள்ளது. ஓர் அரசாங்க அலுவலர் முன்னால் நின்று ஒரு கல்லுடைக்கும் தொழிலாளி தன் விவரங்களைப் பதியச் சொல்கிறான். மேடையில் கேட்டவர்களுக்கு அந்த அதட்டல்தான் காதில் நிற்கும். தாளில் மெதுவாகப் படித்தால் வேறு விஷயங்கள் தெரியும். இவனுக்கு எட்டுப் பிள்ளைகள், ஒன்பதாவது வயிற்றில். அது எப்போது பிறக்கும் என்பதற்கு இவன் திகதி சொல்வதில்லை, பருவம் சொல்கிறான். காணி பறிபோய்க் கல்லுடைக்க வந்தவன், ஆனால் மனதுக்குள் இன்னும் கமக்காரன். நாட்காட்டி அலுவலருடையது, கோடை இவனுடையது. அடுத்தது, கல்லிலிருந்து பிள்ளைகளுக்கு இவன் எடுத்துக்கொடுப்பவற்றின் பட்டியல். பாண், உடுப்பு, அதற்குப் பிறகு அப்பியாசக் கொப்பி. பசிக்கும் மானத்துக்கும் அடுத்த இடத்தில் கொப்பி வந்து உட்காருகிறது. யாழ்ப்பாணத்துத் தகப்பன் எவனும் இந்தப் பட்டியலில் ஒரு சொல்லை மாற்றமாட்டான். சென்ரியில் ஐசியை நீட்டிக்கொண்டு வரிசையில் நின்றவர்கள் கவிதையின் கோபத்தைக் கண்டுகொண்டார்கள், சரி. கொப்பியையும் கண்டுகொண்டிருக்கலாம்.

கல்லுக்குப் பின்னால் ஒரு வீட்டுக் கதையும் உண்டு. தர்வீஷ் 1941 மார்ச் 13இல் அல்-பிர்வாவில் பிறந்தவர், அக்கா நகருக்குக் கிழக்கே இருந்த கிராமம். 1948இல் குடும்பம் லெபனானுக்கு ஓடியது. ஏறக்குறைய ஒரு வருடத்தின் பின் களவாக எல்லை கடந்து திரும்பி வந்தபோது ஊர் இல்லை. கணக்கெடுப்பு நடந்த நேரம் நாட்டில் இல்லாதபடியால், சட்டத்தின் கண்ணில் இவர்கள் உள்ளே இருந்தும் இல்லாதவர்கள். சொந்தக் காணியை இழந்த தகப்பன் கல்லுடைக்கும் வேலைக்குப் போனார். பள்ளிக்கூட விழாவில் சிறுவன் தர்வீஷ் வாசித்த ஒரு கவிதைக்காக இராணுவ அதிகாரி அவனைக் கூப்பிட்டு வெருட்டினார், இனி எழுதினால் அப்பாவுக்கு அந்த வேலை இருக்காது என்று. கவிதைக்கு என்ன விலை என்று இந்த மனிதருக்கு வீட்டுக் கணக்கிலேயே தெரிந்திருந்தது. பின்னாளில் கூட்டங்களில் சனம் 'அடையாள அட்டை'யைப் படிக்கச் சொல்லி ஆர்ப்பரித்தபோதெல்லாம் அவருக்கு எரிச்சல்தான் வந்தது. அதைத் திமிர் என்றவர்கள் உண்டு. எனக்கு அதில் நியாயம் தெரிகிறது: நாற்பது வருடம் எழுதிய ஒருவரை ஒரே பாட்டுக்குள் கட்டிப்போடுவதும் ஒருவகைச் சிறைதான்.

உண்மைச் சிறையிலும் இருந்திருக்கிறார், அறுபதுகளில் பல தடவை. தாய் ஹூரிய்யா பாணும் கோப்பியும் கொண்டு பார்க்க வந்தார். அடிப்பதற்கு மட்டும் கை நீட்டுகிற தாய், தன்மேல் பாசமில்லாதவள் என்று சிறுவயதில் எண்ணியிருந்த மகன் அங்கேதான் கரைந்தான். அப்போது எழுதிய கவிதைக்கு மார்செல் கலீஃபா மெட்டமைத்துப் பாடி, அரபுலகமே மனப்பாடம் செய்துவிட்டது. தாய் என்றால் தாய்நாடு என்று பொருள் சொல்லி அதைக் கெடுத்தவர்கள் அங்கேயும் உண்டு. கவிதையில் நாடு இல்லை. சாகாமல் இருக்க ஆசைப்படுவதற்கு மகன் சொல்லும் காரணம் ஒன்றுதான் இருக்கிறது, அதுதான் கவிதையின் உயிர்: செத்துப்போனால் அம்மா அழுவாள், அந்தக் கண்ணீருக்கு முன்னால் தனக்கு வெட்கமாகப் போய்விடும். துக்கம் என்றோ பயம் என்றோ எழுதியிருந்தால் எல்லாக் கவிஞர்களும் எழுதியதாக இருந்திருக்கும். வெட்கம் என்றதும், குற்றம் செய்துவிட்டு அடி வாங்கப்போகிற பத்து வயதுப் பொடியன் சிறைக்குள்ளிருந்து எட்டிப் பார்க்கிறான். திரும்பி வந்தால் என்னவாக இருப்பேன் என்றும் அவன் சொல்கிறான். வீரனாக அல்ல, அடுப்புக்கு விறகாக, மொட்டைமாடியில் உடுப்புக் காயப்போடும் கொடியாக. கொடியைப் பாருங்கள். எந்த வீட்டிலும் யாரும் கவனிக்காத பொருள், ஆனால் தினமும் அம்மாவின் கை படுகிற பொருள்.

1970க்குப் பிறகு மொஸ்கோ, கெய்ரோ, பெய்ரூத், தூனிஸ், பாரிஸ் என்று அலைச்சல். 1988இல் அல்ஜியர்ஸில் அரஃபாத் வாசித்த சுதந்திரப் பிரகடனத்தை எழுதியவர் இவர்தான். 1993இல் ஒஸ்லோ ஒப்பந்தத்தோடு முரண்பட்டுப் பலஸ்தீன விடுதலை இயக்கத்தின் செயற்குழுவிலிருந்து விலகியவரும் இவர்தான். இந்த நடுக்காலத்து நீண்ட காவியக் கவிதைகள் சில எனக்கு ஒட்டவில்லை. அவற்றில் படிமங்கள் படையணியாக வருகின்றன, கரண்டியைக் காணோம்.

கரண்டிக்காரர் முழுமையாகத் திரும்பி வந்தது 1995இல், 'குதிரையை ஏன் தனியே விட்டுவந்தாய்' தொகுப்பில். அதில் ஒரு தகப்பனும் மகனும் இரவோடிரவாக ஊரை விட்டுப் போகிறார்கள். மகன் கேள்வி கேட்டுக்கொண்டே நடக்கிறான், தகப்பன் பதில் சொல்லிக்கொண்டே நடக்கிறார். யார் துரத்துகிறார்கள், ஏன் துரத்துகிறார்கள் என்பது பிள்ளைக்குப் பெரிய விஷயமில்லை. எங்கள் வீட்டில் இனி யார் இருப்பார்கள், குதிரையை ஏன் கூட்டிவரவில்லை, இவைதான் அவன் வழக்கு. வீட்டுக்குத் துணையாக விட்டுவந்தேன் என்கிறார் தகப்பன், ஆள் போனால் வீடு செத்துவிடும் என்று. பிள்ளையைச் சமாதானப்படுத்தச் சொன்ன பொய்யா, தகப்பனே நம்பிய உண்மையா என்று தர்வீஷ் காட்டிக்கொடுப்பதில்லை. நடுவில் தகப்பனின் கை சாவியைத் தடவிப் பார்த்து ஆறுதலடைகிறது. கண்ணீர் வரவேண்டிய இடத்தில் ஒரு கை அசைவு, அதற்கு மேல் ஒன்றுமில்லை.

இந்தத் தொகுப்பு வந்த அதே 1995இல், ஒக்ரோபர் 30ஆம் திகதி வலிகாமம் முழுவதும் தென்மராட்சியை நோக்கி நடந்தது. கொழும்புத்துறையும் நடந்தது. நாவற்குழிப் பாலத்தில் மழைக்குள் சனம் அங்குலம் அங்குலமாக நகர்ந்த அந்த இரவைப் பற்றி இங்கே பேச்செடுத்தால், ஷெல்லைவிட முதலில் வருவது மாடுதான். "கட்டை அவிட்டு விட்டிட்டுத்தான் வந்தனாங்கள் தம்பி, கண்டு மட்டும் பின்னால வந்திட்டுது" என்பார்கள். குதிரை எங்களிடம் இல்லை, கேள்வி இருந்தது.

அதற்குச் சரியாக ஐந்து வருடம் முந்திய ஒக்ரோபர் 30ஐயும் சொல்லாமல் இந்தக் கவிதையை இங்கே நயக்க முடியாது. 1990இல் அதே நாளில் யாழ்ப்பாணத்து முஸ்லிம்களை விடுதலைப் புலிகள் சில மணி நேர அவகாசத்தில் வெளியேற்றினார்கள். வடக்கு முழுவதும் சேர்த்து 70,000க்கும் மேற்பட்டவர்கள். பலஸ்தீனத்தின் துயரத்தை எங்களுக்குத் தமிழில் தந்த நுஃமானின் சமூகம் அது. சோனகதெருவில் பூட்டிய வீடுகளின் சாவிகளும் அன்று யாரோ தகப்பன்மாரின் மடியில் போயின. பலஸ்தீனக் கவிதைகளை மேடையில் முழங்கியவர்களில் எத்தனை பேர் அன்று குதிரையைப் பற்றிக் கேட்டார்கள் என்பது எங்கள் இலக்கிய வரலாறு இன்னும் ஒழுங்காக எழுதாத அத்தியாயம். நுஃமான் பிறகு பேராதனைப் பல்கலைக்கழகத்துக்குப் போனார். பலஸ்தீனக் கவிதைகளைக் கைவிடவில்லை. தொகுப்பை விரித்து மறுபதிப்புக் கொண்டுவந்தார், தர்வீஷ் கவிதைகளைத் தனி நூலாகவும் தந்தார்.

அந்தத் தகப்பன் மகன் கவிதையின் தலைப்பில் ஒரு கள்ளிச் செடி இருக்கிறது, அது நித்தியமானது என்று. அழகுக்காக வைத்த பெயர் அல்ல. பலஸ்தீனக் கிராமங்களில் காணிக்கு வேலி சப்பாத்திக்கள்ளி. 1948இல் 400க்கும் மேற்பட்ட கிராமங்கள் வெறுமையாக்கப்பட்டன, பெரும்பாலானவை இடித்துத் தள்ளப்பட்டன. ஆனால் கள்ளியின் வேர் சாகவில்லை. வீடில்லாத இடத்தில் வேலி மட்டும் திரும்ப முளைத்து, இங்கே ஒரு வளவு இருந்தது என்று கோடு கீறிக் காட்டிக்கொண்டு நிற்கிறது. எங்கள் கிளுவைக் கதியாலும் அப்படித்தான். வலிகாமம் வடக்கில் கால் நூற்றாண்டு கழித்து உள்ளே போனவர்கள், கிணற்றையும் மரமாகிவிட்ட கதியாலையும் பிடித்துக்கொண்டுதான் படலை எங்கே இருந்தது என்று கண்டார்கள். வேலிச் சண்டைக்குப் பேர்போன எங்களுக்கு எல்லை காட்ட வேலியே மிஞ்சியது.

1996இல் அவர் ராமல்லாவுக்கு வந்து சேர்ந்தார். பிர்வாவுக்கு அல்ல. 1998இல் இருதய அறுவைச் சிகிச்சையில் சாவின் வாசல்வரை போய் வந்தபின் எழுதிய 'சுவரோவியம்' நெடுங்கவிதை 2000இல் வெளியானது. அதில் மரணம் வீட்டுக்கு வருகிறது. தர்வீஷ் பயப்படுவதுமில்லை, தத்துவம் பேசுவதுமில்லை. வேட்டைச் சாமான்களை வெளியே யன்னலுக்குக் கீழே வைத்துவிட்டு வா என்கிறார், வெற்றிலைத் தட்டத்தை நகர்த்தி வைத்துக்கொண்டு சம்பந்தியை உள்ளே அழைப்பதுபோல. கொஞ்சம் பொறு, பெட்டி அடுக்க வேண்டும் என்கிறார்: பற்தூரிகை, சவர்க்காரம், சவரக் கத்தி, வாசனைத் திரவியம், உடுப்பு. 2008 ஆகஸ்ட் 9இல் ஹூஸ்ரனில் இன்னோர் இருதய அறுவைக்குப் பின் அவர் இறந்தபோது தாய் ஹூரிய்யா உயிரோடு இருந்தார். உடலை ராமல்லாவில் புதைத்தார்கள்.

பெட்டி அடுக்குகிற பகுதியில் இன்னும் சில கேள்விகள் இருக்கின்றன. அங்கே காலநிலை எப்படி என்று மரணத்திடம் விசாரிக்கிறார். பொழுதுபோக்க ஒரு புத்தகம் போதுமா, ஒரு நூலகமே வேண்டுமா என்கிறார். பிறகு, அங்கே எல்லோரும் பேசுவது பேச்சு அரபா, இலக்கண அரபா என்றும் கேட்டு வைக்கிறார். யாழ்ப்பாணத்துப் பண்டிதர் எவரையாவது அந்த வாசலில் நிறுத்தியிருந்தால் முதல் கேள்வியே அதுவாகத்தான் இருந்திருக்கும். பெட்டியை மறந்து விவாதத்தில் இறங்கியும் இருப்பார்.