காது இல்லாத கழுதை

என் மகளுக்கு ஆறு வயசு. ராத்திரி படுக்கப் போகும்போது கதை வேணும், அதுவும் தினம் ஒரு புதுக்கதை. என் கையிருப்பு மூணு மாசத்தில் தீர்ந்துபோனது. வேறு வழியில்லாமல் குட்டன்பர்க் தளத்திலிருந்து ஆண்ட்ரூ லாங்கின் வண்ணத் தேவதைக் கதை வரிசையை இறக்கிக்கொண்டேன். 1889இல் வந்த நீலப் புத்தகம் தொடங்கி 1910இல் வந்த லைலாக் புத்தகம் வரை மொத்தம் 12 தொகுதிகள். நார்வே, ஜப்பான், செர்பியா, பஞ்சாப் என்று ஊர் ஊராகக் கதைகள். வரிசை முழுக்க எச்.ஜே. ஃபோர்டின் படங்கள்.

லைலாக் தொகுதியில் 'குரங்கின் இதயம்' என்று ஒரு கதை. ஒரு சுறாவும் குரங்கும் நண்பர்கள். குரங்கு மரத்திலிருந்து பழம் போடும், சுறா சாப்பிடும். ஒரு நாள் சுறா குரங்கை முதுகில் ஏற்றிக்கொண்டு தன் ஊருக்குக் கிளம்புகிறது. பாதி வழியில்தான் விஷயத்தைச் சொல்கிறது: சுல்தானுக்கு உடம்பு சரியில்லை, மருந்துக்குக் குரங்கின் இதயம் வேண்டும். இதயத்தை மரத்திலேயே வைத்துவிட்டு வந்துட்டேனே என்கிறது குரங்கு. அந்த இடத்தில் மகள் எழுந்து உட்கார்ந்துவிட்டாள். "அப்பா, இது முதலைக் கதை. எங்க மிஸ் சொல்லிட்டாங்க."

அவள் சொன்னது சரிதான். நாமெல்லாம் ஆரம்பப் பள்ளியில் கேட்ட நாவல் மரத்துக் கதை அது, பஞ்சதந்திரம். ஆனால் லாங் எடுத்திருப்பது சுவாஹிலியிலிருந்து. எட்வர்ட் ஸ்டீர் என்ற பாதிரியார் சான்சிபாரில் கேட்டு, 1870இல் வெளியிட்ட நூலில் உள்ளது.

இரண்டும் எப்படி ஒன்றாயின? இந்தக் கேள்விக்கு லாங்கிடம் ஒரு பிரபலமான பதில் இருந்தது. அவர் தொகுப்பாளர் மட்டுமல்ல, தொன்மவியல் சண்டைகளில் முன்வரிசையில் நின்றவர், மாக்ஸ் முல்லரை விடாமல் எதிர்த்தவர். வளர்ச்சியின் ஒரே படியில் இருக்கும் மனிதர்கள் எங்கே இருந்தாலும் ஒரே மாதிரி கற்பனை செய்வார்கள் என்பது அவர் கட்சி. கதைகள் பயணம் செய்வதை அவர் அடியோடு மறுக்கவில்லை. ஆனால் அழுத்தம் கொடுத்தது இதற்குத்தான்.

என் தொழில் புத்தி இங்கே ஒத்துழைக்க மறுக்கிறது. இரண்டு புரோகிராம் ஒரே வேலையைச் செய்தால் அது தற்செயலாக இருக்கலாம். இரண்டிலும் ஒரே இடத்தில், தேவையே இல்லாத ஒரே துணுக்கு இருந்தால் அது காப்பிதான். இந்தக் கதைக்குள் அப்படி ஒரு துணுக்கு இருக்கிறது. தப்பித்து மரமேறிய குரங்கு, "திரும்பி வா" என்று கூப்பிடும் சுறாவுக்கு ஒரு குட்டிக்கதை சொல்கிறது. சலவைக்காரரின் கழுதையைக் கல்யாண ஆசை காட்டிச் சிங்கத்திடம் கூட்டி வருகிறது ஒரு முயல். கழுதை தப்பி ஓடுகிறது, மறுபடியும் அதே ஆசையில் வந்து மாட்டிக்கொள்கிறது. அதன் இதயத்தையும் காதுகளையும் முயல் ரகசியமாகத் தின்றுவிட்டு, "அதெல்லாம் இருந்திருந்தா இந்தக் கழுதை ரெண்டாவது தடவை வந்திருக்குமா?" என்கிறது. பஞ்சதந்திரத்திலும் குரங்கு இதே இடத்தில் இதே கழுதையைப் பற்றித்தான் சொல்கிறது. அங்கே முயலுக்குப் பதில் நரி. சலவைக்காரர்கூட மாறவில்லை! எட்டாம் நூற்றாண்டில் இப்னுல் முகஃபா அரபியில் எழுதிய 'கலீலா வ திம்னா'விலும் இந்தக் கழுதை உண்டு. அங்கே முதலை ஆமையாகியிருக்கிறது. அரபுக் கப்பல்கள் ஆப்பிரிக்கக் கரைக்குப் போய் வந்துகொண்டிருந்தன. அந்த வழியாகத்தான் கழுதையும் போயிருக்க வேண்டும் என்று நினைக்கிறேன்.

இந்தப் பயணத்தின் சுவடு லாங்கின் பக்கத்தில் இல்லை. கதையின் முடிவில் ஸ்டீரின் நூல் பெயர் இருக்கிறது, அதைத் தாண்டி ஒன்றுமில்லை. ஃபோர்டின் படங்களும் இப்படித்தான். மனுஷன் வரைகிற விலங்குகளைப் பார்த்துக்கொண்டே இருக்கலாம், டிராகனுக்குக்கூட எலும்பும் எடையும் இருக்கும். ஆனால் அவருடைய இளவரசிகளுக்கு ஊருக்கு ஊர் உடை மாறுகிறதே தவிர முகம் மாறுவதில்லை. எல்லாருமே விக்டோரிய ஓவியங்களிலிருந்து இறங்கி வந்த நீள்முகப் பெண்கள். 12 நிறங்களில் அட்டை போட்டவர்கள் உள்ளே எல்லாவற்றையும் ஒரே நிறத்தில் தோய்த்துவிட்டார்கள்.

தோய்த்தது யார் என்பதும் சிக்கல்தான். அட்டையில் லாங் பெயர் மட்டும். மொழிபெயர்ப்பிலும் மறுசொல்லலிலும் பெரும்பகுதி அவர் மனைவி நோராவுடையது, இன்னும் சில பெண்களும் உழைத்திருக்கிறார்கள். லைலாக் முன்னுரையில் லாங் அதை ஒப்புக்கொள்கிறார். மார்க் ட்வைனின் ஆதாம் ஏவாள் நகைச்சுவை ஒன்றைத் துணைக்கழைத்து, வேலை மனைவியுடையது, தன்னுடையது மேற்பார்வை மட்டுமே என்கிறார். ஐடி கம்பெனியில் இருக்கிற எவருக்கும் இந்த மேற்பார்வையை விளக்க வேண்டியதில்லை. ஒப்புக்கொண்ட பிறகும் அட்டை மாறவில்லை என்பதையும் சேர்த்துத்தான்.

இவ்வளவும் கோபமாக எழுதி முடித்தபோதுதான் என் லட்சணம் உறைத்தது. பள்ளிக்கூடக் கதையில் குரங்கின் இதயத்தைக் கேட்பது முதலையின் மனைவி. பொண்டாட்டி பேச்சைக் கேட்டால் கேடு என்ற வாசனை அதில் உண்டு. மகளுக்குச் சொல்லும்போது எனக்கு அது பிடிக்கவில்லை. மனைவியைத் தூக்கிவிட்டு சான்சிபார் சுல்தானைக் கொண்டுவந்து வைத்துவிட்டேன். குழந்தைக்கு ஏற்றபடி மாற்றுவது, அதாவது நோரா செய்த அதே வேலை. போன வாரம் மகள் அதைப் போனில் ஆச்சிக்குச் சொன்னாள். அந்தப் பக்கத்திலிருந்து உடனே பதில் வந்தது: "சுல்தான் எங்கட்டி வந்தான்? முதலைப் பொண்டாட்டிதான கேட்டா!"

இந்தத் தொகுப்பை வாசிக்க வேண்டாம் என்று நான் சொல்லமாட்டேன். இரண்டு கழுதைகளையும் நான் பக்கத்தில் பக்கத்தில் பார்த்ததே லாங் தம்பதி கட்டிய இந்த அலமாரியால்தான். வாசியுங்கள், படங்களையும் நின்று பாருங்கள். கதை முடிந்ததும் அடியில் சின்ன எழுத்தில் இருக்கும் அந்த ஒரு வரியையும் வாசியுங்கள். பாதிக் கதை அதற்கப்புறம்தான் இருக்கிறது.

மகளிடம் இப்போது இரண்டு முடிச்சுகளும் இருக்கின்றன. ஒரு நாள் மனைவி கேட்கிறாள், ஒரு நாள் சுல்தான் கேட்கிறார். நேற்று முதலையே தனக்காகக் கேட்டது. நான் திருத்தவில்லை.