குறிஞ்சியோ, பாலையோ?

மலைநாட்டுத் தமிழிலக்கியத்தைக் 'குறிஞ்சி இலக்கியம்' எனச் சுட்டும் வழக்கம் நம்மிடையே வேரூன்றிவிட்டது. விழா மேடைகளிலும் நூல்களின் அணிந்துரைகளிலும் இப்பெயர் தங்குதடையின்றி வழங்குகின்றது. மலை உண்டு, ஆதலாற் குறிஞ்சி உண்டு என்பதே இதற்கு அடிப்படை போலும். பதுளைப் பகுதியில் தோட்டத்துப் பிள்ளைகளுக்கு ஐந்திணை கற்பித்துவரும் எமக்கு இப்பெயர் பொருத்தமாகத் தோன்றவில்லை.

குறிஞ்சி நிலத்துக் குறவர் மலையைத் தமதெனக் கொண்டு வாழ்ந்தவர். தினைப்புனமும் அவரது, சிறுகுடியும் அவரது. தோட்டத் தொழிலாளியின் நிலை யாது? காடு வெட்டித் தேயிலை நட்டவர் அவர்தம் முன்னோரே. ஆயினும் லயத்துக் காம்பரா அவருக்கு உரியதன்று; அது தொழிலோடு ஒட்டியது. குடும்பத்திற் பேர் பதிந்து வேலை செய்வார் ஒருவரேனும் இல்லையாயின், பாட்டன் காலந்தொட்டு அடுப்பெரிந்த இடமும் ஐயத்துக்குரியதாகின்றது. கொழும்பில் கொம்பனித்தெருவின் மியூஸ் வீதி வீடுகள் 2010 இல் இடிக்கப்பட்டபோது, வழக்காடுவதற்கு வீட்டு உறுதியேனும் சிலர் கையில் இருந்தது. லயத்து வாசிக்கு அதுவும் இல்லை.

இது புதிய செய்தியன்று. 1946 இல் கேகாலைப் பகுதியின் நேவ்ஸ்மயர் தோட்டத்தைக் கிராம விஸ்தரிப்புக்கென அரசாங்கம் எடுத்துக்கொண்டபோது, அங்கு வாழ்ந்த தொழிலாளர் வெளியேறும்படி பணிக்கப்பட்டனர், வேலைநிறுத்தம் மூண்டது. 1948 ஆம் ஆண்டுச் சட்டம் குடியுரிமையைப் பறித்தது. 1964 இல் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 525,000 பேரை இந்தியாவுக்கு அனுப்புவதென எண்ணிட்டு வகுத்தது.

தலைமகன் பொருள்வயிற் பிரியும் பாலையில் மீள்வான் என்னும் நம்பிக்கை உண்டு. இங்கு அதுவும் இல்லை. எனினும், குறிஞ்சியும் முல்லையும் தம் இயல்பு கெட்டவிடத்து அவையே பாலையாய் மாறும் என்று சிலப்பதிகாரக் காடுகாண் காதையில் இளங்கோவடிகள் காட்டிய நுட்பம் இம்மலைகளுக்கு நன்கு பொருந்துகின்றது. பசுமை கண்ணை மயக்கினும், இது பாலையே.

நம் எழுத்தாளருள் இதனை உணர்ந்தோர் இல்லாமலில்லை. சி. வி. வேலுப்பிள்ளை தமது நாவலுக்கு 'வீடற்றவன்' எனப் பெயரிட்டார். அத்தலைப்பொன்றே ஓர் ஆராய்ச்சிக்குப் போதும். பதுளை மாவட்டத்து ஊவாக்கட்டவளைத் தோட்டத்தில் 1934 இற் பிறந்த தெளிவத்தை ஜோசப், 'மீன்கள்' என்னும் சிறுகதையில் ஒற்றைக் காம்பராவின் நெருக்கடி ஒரு குடும்பத்தின் மானத்தையே எவ்வாறு குலைக்கின்றது என்பதை உரத்துப் பேசாமற் காட்டினார். துயரத்தைச் சொல்லால் பெருக்காது இடத்தின் குறுக்கத்தால் உணர்த்தியமையே அக்கதையின் வெற்றி.

ஏனைய கதைகள் பலவற்றில் ஒரு குறை காண்கின்றோம். வெளியேற்றம் வந்தால் அதற்கொரு கொடியவனும் வந்துவிடுகின்றான். துரை உறுமுவார், கணக்கப்பிள்ளை சூழ்ச்சி செய்வார், பெட்டி படுக்கை வாசலில் விழும். கொடியவன் திருந்தினால் கதை முடிந்தது! உண்மையில் இவ்வமைப்புக்குக் கொடியவன் எவனும் தேவையில்லை. கம்பனிகள் போய் 1975 இல் அரசு வந்தது. 1992 இல் முகாமை மீண்டும் கம்பனிகளிடம் சென்றது. துரைமார் மாறினர், காம்பராவின் உரிமை மாறவில்லை.

கொஸ்லாந்தைக்கு அண்மையிலுள்ள மீரியபெத்தையை எண்ணிப் பார்க்கலாம். 2014 ஒக்டோபர் 29 ஆம் நாட் காலையில் மலை சரிந்து லயங்களை மூடிற்று. அபாயம் பற்றிய எச்சரிக்கை முன்னரே விடுக்கப்பட்டிருந்தது. "பின் ஏன் போகவில்லை?" என வினவியோர் உளர். போவதற்குச் சொந்த நிலம் எங்கே? தப்பியோர் பலர் மாக்கல்தெனியவிற் பழைய தேயிலைத் தொழிற்சாலையொன்றில் ஏறத்தாழ ஈராண்டு தங்கினர். 2016 இலேயே பூணாகலைத் தோட்டப் பகுதியிற் புதிய வீடுகள் கிடைத்தன. அம்மக்களை எந்தத் துரையும் விரட்டவில்லை. இருக்கவும் உரிமையின்றி, போகவும் இடமின்றி நின்றவரை மலையே வெளியேற்றிற்று. கொடியவனைத் தேடும் கதாசிரியர் இங்கு என் செய்வார்?

இதற்கிடையே, ஒன்பது வளைவுப் பாலத்தைக் காண எல்லவுக்கு வரும் பயணிகள் பெருகிவிட்டனர். ஊவா மலைகளிற் பழைய துரை பங்களாக்கள் சில விருந்தினர் விடுதிகளாகிவிட்டன. அவற்றின் விளம்பரங்களிற் பனியும் பசுங்கொழுந்தும் அருவியும் உண்டு. லயம் மட்டும் இல்லை. நம் திறனாய்வாளர் விரும்பும் குறிஞ்சி அங்கேதான் இருக்கின்றது.