புதிருக்கு விடை மட்டும் போதுமா?

தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையம் நடத்தும் நான்காம் தொகுதித் தேர்வில் வினாக்கள் 200. நேரம் 3 மணி. அதாவது ஒரு வினாவுக்கு 54 வினாடி. இவற்றுள் 100 வினாக்கள் தமிழுக்கும், 75 பொது அறிவுக்கும் உரியவை. எஞ்சிய 25 வினாக்கள் 'திறனறிவும் மனக்கணக்கு நுண்ணறிவும்' என்ற பகுதியைச் சேர்ந்தவை. விழுக்காடு, வட்டி, பரப்பு முதலிய கணக்குகளோடு எண் வரிசை, பகடை, புதிர்கள் ஆகிய தருக்க வினாக்களும் இப்பகுதியில் இடம் பெறுகின்றன. 2024 ஜூன் மாதத் தேர்வுக்கு 20 லட்சத்துக்கும் மேற்பட்டோர் விண்ணப்பித்தனர். முதல் அறிவிப்பில் இருந்த இடங்களோ 6,244. இத்தகைய போட்டியில் ஒரு வினா தரும் ஒன்றரை மதிப்பெண் ஒருவரின் ஓராண்டு உழைப்பை வாழவும் வைக்கும், வீழ்த்தவும் செய்யும்.

எனவே தருக்கப் புதிர்களைப் பயிற்றுவிக்கும் வழிகாட்டி நூல்களும் வகுப்புகளும் ஊர்தோறும் பெருகியதில் வியப்பில்லை. அவற்றின் உழைப்பைக் குறை கூறுவது நம் நோக்கம் அன்று. ஆனால் அவற்றுள் பெரும்பாலானவற்றில் ஒரு பொதுக் குறை காணப்படுகிறது. ஆயிரம் வினாக்கள் இருக்கும். இறுதியில் ஆயிரம் விடைக் குறிகள் இருக்கும். 'ஏன்' என்ற கேள்விக்கு இடமே இராது. காரணம் இல்லாமல் காரண அறிவை வளர்க்க இயலுமா? இதைச் சில புதிர்களைக் கொண்டே ஆராய்வோம்.

கோவளத்தில் நண்பகல் நிழல்

திசைப் புதிர் ஒன்றை எடுத்துக்கொள்வோம். 'கதிரவன் உதித்த சிறிது நேரத்தில் ஒருவர் நிற்கிறார். அவருடைய நிழல் அவருக்கு வலப்புறம் விழுகிறது. அவர் எத்திசை நோக்கி நிற்கிறார்?' கதிரவன் கிழக்கில், நிழல் மேற்கில், வலக்கை மேற்கே இருக்க வேண்டுமானால் முகம் தெற்கே. விடை தெற்கு.

இதைச் செங்கற்பட்டு மாவட்டத்துக் கோவளம் கடற்கரையில் வைத்துச் சோதிப்போம். அங்கே கடல் கிழக்கே விரிந்து கிடப்பதால் கதிரவன் நீரிலிருந்து எழுவதைத் தடையின்றிக் காணலாம். ஆண்டு முழுதும் ஒரே இடத்தில் அது எழுவதில்லை. ஜூன் மாதக் கடைசியில் நேர்கிழக்குக்கு ஏறத்தாழ 24 பாகை வடக்கே தள்ளி உதிக்கிறது. டிசம்பரில் அதே அளவு தெற்கே தள்ளி உதிக்கிறது. ஆகவே ஜூன் மாத நிழல் மேற்கிலிருந்து 24 பாகை தெற்கே சாய்ந்து விழும். ஆயினும் நாற்பெருந்திசைகளுள் ஒன்றைக் கேட்கும் வரை 'தெற்கு' என்ற விடை நிற்கும். புதிர் பிழைத்தது.

ஆனால் இப்புதிருடன் சேர்த்துச் சில நூல்கள் ஒரு 'குறுக்குவழி' விதியையும் தருகின்றன: 'பகல் 12 மணிக்கு நிழல் இராது.' இதுவும் கோவளத்தில் உண்மையாகிறதா? கோவளம் வட அகலாங்கு சுமார் 12.8 பாகையில் உள்ளது. அங்கே கதிரவன் நேர் உச்சிக்கு வருவது ஆண்டில் இரு முறையே: ஏப்ரல் 24-ஐ ஒட்டி ஒன்று, ஆகஸ்ட் 18-ஐ ஒட்டி மற்றொன்று. இவ்விரு நாள்களுக்கும் இடைப்பட்ட காலத்தில் உச்சிவேளைக் கதிரவன் வடக்கே நிற்கும். நிழல் தெற்கே விழும். மற்ற மாதங்களில் நிழல் வடக்கே விழும். மேலும், நம் கடிகாரம் கிழக்கு நெட்டாங்கு 82.5 பாகையைக் கொண்டு அமைந்தது. கோவளமோ அதற்கு 2 பாகைக்கு மேல் மேற்கே இருக்கிறது. ஆகவே அங்கே உச்சிப்பொழுது ஆண்டுச் சராசரியில் 12 மணி 9 நிமிடத்தை ஒட்டியே வருகிறது. கடக ரேகைக்கு வடக்கே உள்ள டில்லியிலோ கதிரவன் ஒரு நாளும் நேர் உச்சிக்கு வருவதில்லை. அங்கே உச்சிவேளை நிழல் எந்நாளும் வடக்கேதான்.

கடற்கரைக் குப்பத்து மாணவர் ஒருவர் இவ்விதியைக் கண்டு தயங்குகிறார் என்று வைத்துக்கொள்வோம். நாள்தோறும் தம் காலடியில் கண்ட நிழல் அவரைத் தயங்க வைக்கிறது. அத்தயக்கம் அறிவின்மை அன்று; அறிவின் தொடக்கம். முதற் புதிர் கொடுத்த செய்தியிலிருந்து முடிவை வருவிக்கிறது. இரண்டாவது விதி பொய்ச் செய்தி ஒன்றை மனப்பாடம் செய்விக்கிறது. இவ்விரண்டையும் ஒரே பக்கத்தில், ஒரே மதிப்புடன் அச்சிடுவது தவறு.

ஐந்து எண்களும் ஆறாவது எண்ணும்

அடுத்து, எண் வரிசை. 1, 2, 4, 8, 16 என்பவற்றுக்கு அடுத்த எண் எது? 'ஒவ்வொன்றும் முந்தியதன் இரு மடங்கு. ஆகவே 32' என்போம். இப்போது 496 என்ற எண்ணை மீதியின்றி வகுக்கும் எண்களை ஏறுவரிசையில் எழுதிப் பாருங்கள்: 1, 2, 4, 8, 16, 31, 62, 124, 248, 496. ஆறாவது எண் 31! வட்டத்தின் மீது புள்ளிகளைக் குறித்து, ஒவ்வொரு புள்ளியையும் மற்ற எல்லாப் புள்ளிகளோடும் நேர்கோட்டால் இணைத்தாலும் இதே நிலைதான். புள்ளிகள் 1, 2, 3, 4, 5 ஆகும்போது வட்டம் அதிக அளவாக 1, 2, 4, 8, 16 பகுதிகளாகப் பிரியும். ஆறு புள்ளிகளுக்கு 31 பகுதிகளே கிடைக்கும், 32 கிடைக்காது. உண்மையில், எந்த ஐந்து எண்களைக் கொடுத்தாலும், ஆறாவதாக நாம் விரும்பும் எந்த எண்ணையும் தரும் சூத்திரம் ஒன்றை இயற்கணிதத்தால் அமைத்துவிடலாம்.

இக்குறைக்குத் தமிழில் பழம்பெயர் ஒன்று உண்டு. மணிமேகலைக் காப்பியத்தின் 29-ஆம் காதையில், காஞ்சியில் அறவண அடிகள் மணிமேகலைக்கு அளவை நெறியைக் கற்பிக்கிறார். முடிவைச் சொன்னால் போதாது, அதைத் தாங்கும் ஏதுவையும் எடுத்துக்காட்டையும் சொல்ல வேண்டும் என்பது அந்நெறி. ஏதுப் போலிகளை அக்காதை மூன்றாக வகுக்கிறது. அவற்றுள் ஒன்று அநைகாந்திகம்: ஒரு முடிவுக்கும் அதன் மறுதலைக்கும் ஒருங்கே பொருந்தும் ஏது. 'முதல் ஐந்து எண்கள் இவை' என்ற ஏது 32-க்கும் பொருந்துகிறது, 31-க்கும் பொருந்துகிறது. எனவே அது எதையும் நிறுவவில்லை.

அப்படியானால் எண் வரிசை வினாக்களே வீணா? இல்லை. கிடைத்த சான்றுகளிலிருந்து ஒழுங்கு ஒன்றை ஊகிப்பது அறிவியலின் அன்றாட வேலை. ஆனால் அது ஊகம், நிரூபணம் அன்று. 'மிக எளிய விதியைக் கொண்டு நிரப்புக' என்று வினா சொல்லிவிட்டால் நேர்மையாகும். 'பொருந்தாததைக் கண்டுபிடி' என்னும் வினாக்களிலும் இதே கவனம் வேண்டும். 2, 9, 11, 13 என்பவற்றில் பொருந்தாதது எது? பகா எண் அல்லாத 9 என்பார் ஒருவர். ஒரே இரட்டை எண்ணாகிய 2 என்பார் மற்றவர். இருவர் பேச்சிலும் பிழையில்லை. பிழை வினாவில் இருக்கிறது. இதை மாணவருக்கு எடுத்துச் சொல்லாத நூல், '2' என்று எழுதியவரை மூடர் என்று நம்ப வைக்கிறது.

'எல்லா' என்றால் என்ன?

தமிழ் வழியில் படிப்போர்க்கு இன்னோர் இடர் உண்டு. தருக்க வினாக்களின் உயிர் 'எல்லா', 'சில', 'அல்ல' என்னும் சிறு சொற்களில் இருக்கிறது. 'எல்லா வலைகளும் கிழிந்தவை அல்ல' என்ற தொடரைப் பாருங்கள். ஒரு வலைகூடக் கிழியவில்லை என்றும் கொள்ளலாம். கிழியாத வலையும் உண்டு என்றும் கொள்ளலாம். இரண்டும் வெவ்வேறு கூற்றுகள். வெவ்வேறு விடைகளைத் தருபவை. 'எந்த வலையும் கிழிந்தது அன்று' என்றோ, 'வலைகளுள் கிழியாதவையும் உண்டு' என்றோ எழுதினால் ஐயம் தீரும். நம் மொழியில் தெளிவுக்குப் பஞ்சமில்லை. எழுதுவோரிடம் கவனம் வேண்டும்.

'சில' என்ற சொல்லும் அப்படியே. 'சில கட்டுமரங்கள் பழையவை' என்று பேச்சில் சொன்னால், மற்றவை புதியவை என்றே கேட்பவர் கொள்வார். தருக்கத்தில் 'சில' என்பது 'குறைந்தது ஒன்று' மட்டுமே. எல்லாமே பழையவையாக இருந்தாலும் கூற்று மெய்தான். இவ்வேறுபாட்டை முதற் பக்கத்திலேயே விளக்காத நூல் மாணவரை இருட்டில் விடுகிறது.

சோவியத் உளவியலறிஞர் லூரியா 1931-32-இல் உஸ்பெகிஸ்தான் சிற்றூர்களில் எழுத்தறிவற்ற உழவர்களிடம் இத்தகைய வினாக்களைக் கேட்டார். பனி சூழ்ந்த தூர வடக்கில் கரடிகள் எல்லாம் வெண்மையானவை. இன்ன ஊர் தூர வடக்கில் உள்ளது. அங்கே கரடி என்ன நிறம்? பலர், தாம் அங்கே போனதில்லை, ஆகவே சொல்ல முடியாது என்றனர். கண்டதைக் கொண்டே பேசுவது அவர்கள் வழக்கம். காற்றையும் நீரோட்டத்தையும் பார்த்துக் கடலுக்குப் போகலாமா என்று முடிவு செய்யும் மீனவரின் காரண அறிவும் இவ்வகையைச் சேர்ந்ததே. தேர்வு கேட்பது வேறு வகை: கொடுத்ததை மட்டும் மெய்யெனக் கொண்டு முடிவுக்கு வருவது. இது பழகிக் கொள்ளக்கூடிய ஒரு திறமை. இல்லாதவர் அறிவிலி அல்லர்.

பயிற்சி பயன் தருமா?

'ஆயிரம் புதிர் செய்தால் அறிவு தானே கூர்மையாகும்' என்பது பலரின் நம்பிக்கை. ஆராய்ச்சி அவ்வளவு எளிதாக இதை ஒப்புக்கொள்ளவில்லை. ஆங்கிலேய உளவியலறிஞர் பீட்டர் வேசன் 1966-இல் வெளியிட்ட சோதனை ஒன்று புகழ் பெற்றது. அதைத் தமிழில் இப்படி அமைக்கலாம். மேசையில் நான்கு அட்டைகள். ஒரு பக்கம் எழுத்து, மறுபக்கம் எண். நமக்குத் தெரிவன: ஆ, க, 4, 7. விதி: ஒரு பக்கம் உயிரெழுத்து இருந்தால் மறுபக்கம் இரட்டை எண் இருக்க வேண்டும். விதி மீறப்பட்டதா என்று அறிய எந்த அட்டைகளைத் திருப்ப வேண்டும்? மேலே படிக்குமுன் நீங்களே முயன்று பாருங்கள்.

பலர் 'ஆ, 4' என்பர். சரியான விடை 'ஆ, 7'. 4-இன் பின்னே மெய்யெழுத்தோ உயிர்மெய்யோ இருந்தாலும் விதி முறியாது. 7-இன் பின்னே உயிரெழுத்து இருந்தால் முறிந்துவிடும்.

இப்போது அதே புதிர் வேறு உடையில். கோவளத்தை அடுத்த முட்டுக்காட்டில் படகுத்துறை உண்டு. 'படகில் ஏறுபவர் உயிர்காப்பு அங்கி அணிய வேண்டும்' என்பது விதி எனக் கொள்வோம். நால்வரைப் பற்றி நமக்கு ஒவ்வொரு செய்தி மட்டுமே தெரியும்: ஒருவர் படகில் இருக்கிறார், ஒருவர் கரையில் இருக்கிறார், ஒருவர் அங்கி அணிந்திருக்கிறார், ஒருவர் அணியவில்லை. யாரைச் சோதிப்பீர்கள்? படகில் இருப்பவரையும் அங்கி அணியாதவரையும் என்று உடனே சொல்வீர்கள். அமைப்பு ஒன்றே, ஆனால் இது எளிது. 1982-இல் அமெரிக்காவில் கிரிக்ஸ், காக்ஸ் இருவரும் மது அருந்தும் வயது பற்றிய விதியைக் கொண்டு இவ்வாறு சோதித்தபோது நால்வரில் மூவர் அளவுக்குச் சரியாக விடையளித்தனர். எழுத்தும் எண்ணும் கொண்ட அட்டைகளில் பத்தில் ஒருவர்கூடத் தேறுவது அரிது.

1986-இல் செங், ஹோலியோக் முதலியோர் வெளியிட்ட ஆய்வு நமக்கு இன்னும் நெருக்கமானது. கல்லூரியில் ஒரு பருவம் முழுதும் தருக்கப் பாடம் பயின்றவர்களும் இவ்வகைச் சோதனையில் குறிப்பிடத்தக்க முன்னேற்றம் காட்டவில்லை. விதியை விளக்கி, அதைத் தக்க எடுத்துக்காட்டுகளோடு பொருத்திக் காட்டியபோதே முன்னேற்றம் தெரிந்தது. விதி மட்டும் போதாது. புதிர்க் குவியல் மட்டும் போதாது. இரண்டையும் இணைப்பது காரண விளக்கமே.

நல்ல புதிரும் நல்ல பயிற்சியும்

நல்ல புதிருக்கு ஓர் எடுத்துக்காட்டு. மணலில் ஐந்து படகுகள் தெற்கு வடக்காக வரிசையில் நிற்கின்றன: அ, ஆ, இ, ஈ, உ. (1) இ நடுவில் உள்ளது. (2) அ, இ-யை அடுத்து இல்லை. (3) ஆ, அ-வுக்கு உடனே வடக்கே உள்ளது. (4) உ வடகோடியில் இல்லை. வரிசை என்ன?

இ மூன்றாம் இடம். அ அதை அடுத்து இல்லாததால் ஏதேனும் ஒரு கோடியில் இருக்கும். அதற்கு வடக்கே ஆ இருப்பதால் அ வடகோடியில் இருக்க இயலாது. ஆகவே தெற்கிலிருந்து அ, ஆ, இ. உ வடகோடியில் இல்லை என்பதால் உ நான்காவது, ஈ ஐந்தாவது. வேறு விடைக்கு வழியே இல்லை. இதுவே நிரூபணம்.

இத்துடன் நிறுத்தாதீர்கள். நான்காம் குறிப்பை அழித்துவிட்டுப் பாருங்கள்: ஆ-வின் இடம் உறுதி, உ-வின் இடம் 'தீர்மானிக்க இயலாது'. இரண்டாம் குறிப்பை மட்டும் அழித்தால் மூன்று வரிசைகள் பொருந்தும், அவற்றைக் கண்டுபிடியுங்கள். இவ்வாறு ஒரு புதிரைக் கலைத்துப் பார்ப்பது, விடைக் குறியை மட்டும் சரிபார்த்துவிட்டுப் பத்துப் புதிர்களை ஓட்டிச் செல்வதினும் மேலான பயிற்சி. 'எனக்குத் தெரியவில்லை' என்பது வேறு, 'தீர்மானிக்க இயலாது' என்பது வேறு. முன்னது நம் நிலை. பின்னது நாம் நிரூபித்த முடிவு.

54 வினாடியில் இதற்கெல்லாம் நேரம் ஏது என்று கேட்கலாம். தேர்வு அறையில் இல்லைதான். வேகம் தேர்வு அறைக்கு உரியது. ஆழம் பயிற்சிக்கு உரியது. ஆழ்ந்து செய்த நூறு புதிர்களிலிருந்தே நம்பத்தக்க வேகம் பிறக்கும். விதியின் காரணத்தை அறிந்தவர், விதி பொருந்தாத இடத்தில் ஏமாற மாட்டார்.

வேறொரு பயனும் உண்டு. தேர்வுக்குப் பின் தேர்வாணையம் உத்தேச விடைகளை வெளியிட்டு, குறித்த நாள்களுக்குள் மறுப்புகளை ஏற்கிறது. குறையுள்ள வினா ஒன்று தாளில் வந்துவிட்டால், 'என் நூலில் வேறு விடை உள்ளது' என்று எழுதுவது வலுவற்றது. இந்த ஏதுவால் இந்த முடிவும் வருகிறது, அதன் மறுதலையும் வருகிறது என்று காட்டுபவரின் மறுப்பே நிற்கும்.

ஆகவே நூல் வாங்கும் இளைஞர்களே, எத்தனை வினாக்கள் உள்ளன என்று அட்டையில் பார்க்காதீர்கள். கடைசிப் பக்கங்களைப் புரட்டுங்கள். அங்கே விடைக் குறிகள் மட்டும் வரிசையாக நின்றால் நூலை வைத்துவிடுங்கள். ஒவ்வொரு விடைக்கும் ஏதுவும், மற்ற மூன்றும் ஏன் தவறு என்ற விளக்கமும் இருந்தால், நூல் மெலிந்ததாயினும் வாங்குங்கள். நூல் எழுதுவோரும் ஆயிரம் வினாவை இருநூறாகக் குறைத்து, மிஞ்சும் பக்கங்களைக் காரணத்துக்குக் கொடுக்கட்டும். அலுவலக மேசையில் அமர்ந்து ஒரு மனுவை ஏற்பதா மறுப்பதா என்று நாளை முடிவு செய்யப் போகிறவர்களுக்கு, விடையை மட்டுமன்றி ஏதுவையும் சொல்லும் பழக்கம் இன்றே வேண்டும்.